எந்த இடம்? எந்தக் காலம்?

(நம் பழைய மாணவர் சங்க ஆண்டு சந்திப்பில், கணிதத் துறை 1974–77 அணியைச் சேர்ந்தவரும் நில அளவைத் துறையில் பணியாற்றி ஓய்வு பெற்றவருமான உறுப்பினர் ஒருவர் ஆற்றிய உரை. மலருக்காக அவரே எழுதித் தந்தது.)



செயலாளர் என்னிடம், "அண்ணாச்சி, ஒரு பதினைஞ்சு நிமிஷம் பேசுங்க. எதைப்பத்தி வேணும்னாலும் பேசலாம், அரசியல் மட்டும் வேண்டாம்" என்றார். வாழ்நாளெல்லாம் சங்கிலியும் குறுக்குக் கட்டையுமாக வயல் வரப்பில் நடந்தவனுக்கு வேறு என்ன பேச வரும்? இடத்தைப் பற்றிப் பேசுகிறேன். அதோடு காலத்தையும் சேர்த்துக் கொள்கிறேன். ஏன் சேர்த்துக் கொள்கிறேன் என்பதற்கு ஒரு கதை இருக்கிறது. அந்தக் கதையில் நான் ஒரு குற்றவாளி. அதையும் இந்த மேடையிலேயே ஒப்புக்கொண்டு விடுகிறேன்.

1976ஆம் ஆண்டு, ஆகஸ்டு மாதம் 22ஆம் தேதி, ஞாயிற்றுக்கிழமை. தேதி இவ்வளவு சரியாக எப்படித் தெரியும் என்று கேட்காதீர்கள், பின்னால் சொல்கிறேன். விடுதியில் மதியச் சாப்பாடு முடிந்ததும் நானும் என் அறைத்தோழனும் வாடகை சைக்கிள் எடுத்துக்கொண்டு திருச்செந்தூர் ரோட்டில் கிளம்பினோம். அவன் தூத்துக்குடிக் கடற்கரைக்காரன். அவனுடைய அப்பா சங்கு குளிப்பவர். முத்துக் குளிப்பு நடந்த காலத்தில் முத்தும் குளித்தவர். ஆதிச்சநல்லூர்ப் பறம்பைப் பார்க்க வேண்டும் என்பது அவனுடைய ஆசை. எனக்கு சைக்கிள் ஓட்டவேண்டும் என்கிற ஆசை, அவ்வளவுதான்.

அன்று அங்கே வேலியும் இல்லை, காவலும் எங்கள் கண்ணில் படவில்லை. செம்மண்ணும் வெள்ளைக்கல்லும் கலந்த மேடு. மழை அரித்த இடங்களில் தாழியின் விளிம்பு வட்ட வட்டமாகத் தெரியும். ஆடுகள் அதன்மேல் நடந்து போகும். கறுப்பும் சிவப்புமான பானை ஓடு ஒன்று, உள்ளங்கை அகலம், மேலே ஏதோ கீறல். நான் குனிந்து எடுத்தேன். எடுக்கும்போதே இரண்டாக உடைந்தது. "ஆளுக்குப் பாதி" என்று சிரித்துக்கொண்டே அவனிடம் ஒன்றைக் கொடுத்துவிட்டு, என் பாதியைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டேன்.

அவன் உடனே கிளம்பவில்லை. அங்கேயே நின்று நாலாபக்கமும் பார்த்தான். பிறகு சைக்கிள் கடை ரசீதின் பின்புறத்தில் என்னவோ எழுதினான்.

"என்னல கிறுக்குதே? நேரமாகுது" என்றேன்.

"எங்க எடுத்தோம்னு அடையாளம் குறிச்சு வைக்காண்டாமா? எங்கப்பா கடலுக்குள்ள ஒரு கல்லைக் கண்டாக்கூட கரையைப் பார்த்து அடையாளம் வச்சுக்கிடுவாரு. இல்லன்னா மறுநா அதே இடத்துக்கு எப்படிப் போக?" என்றான்.

நான் சிரித்தேன். கணிதம் படிக்கிற நான் சிரித்தேன், எழுதியவன் சங்கு குளிப்பவர் மகன். இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

அவனுடைய அப்பா வழியைக் கொஞ்சம் சொல்ல வேண்டும். முத்துச் சிப்பி படர்ந்திருக்கும் கடலடிப் பாறைத் திட்டுக்குப் 'பார்' என்று பெயர். தொள்ளாயிரம் பார் என்பது போல ஒவ்வொன்றுக்கும் ஒரு பெயர் உண்டு. கடலுக்கு மேலே நின்று பார்த்தால் எல்லாம் தண்ணீர்தான். அந்தத் தண்ணீரில் பார் இருக்கும் இடத்தை எப்படிக் கண்டுபிடிப்பது? கரையில் கோயில் கோபுரமும் அதற்குப் பின்னால் ஒரு பனங்கூட்டமும் ஒரே நேர்கோட்டில் வரும்படி படகைச் செலுத்த வேண்டும். அது ஒரு கோடு. இன்னொரு பக்கம் கலங்கரை விளக்கும் வேறொரு மேடும் ஒன்றாகச் சேர வேண்டும். அது இரண்டாவது கோடு. இரண்டு கோடும் வெட்டிக்கொள்ளும் இடத்தில் நங்கூரம். நாங்கள் தியோடலைட் வைத்துச் செய்வதும் இதே கணக்குதான்.

ஆனால் இடம் தெரிந்தால் மட்டும் போதாது என்பதும் அவர்களுக்குத் தெரியும். சிப்பி இந்த வருஷம் பாரை மூடிக் கிடக்கும், இரண்டு வருஷம் கழித்துப் போனால் வெறும் பாறைதான் இருக்கும். தூத்துக்குடிப் பார்களில் 1955 முதல் 1961 வரை முத்துக் குளிப்பு நடந்தது. அதற்குப் பிறகு நடக்கவில்லை. பார்கள் எங்கும் போய்விடவில்லை, அதே இடத்தில்தான் இருக்கின்றன. அவற்றின் காலம் போய்விட்டது. ஆகவே 'எந்தப் பார்' என்று கேட்பவர் 'எந்த வருஷம், எந்தக் காற்று' என்றும் சேர்த்துக் கேட்பார்.

நண்பர்களே, இது நமக்குப் புதிய விஷயம் அல்ல. நிலம் வாங்கப் போகிறவர் என்ன செய்கிறார்? சர்வே நம்பர் கேட்கிறார், புலப்படம் வாங்கிப் பார்க்கிறார். அது இடம். அத்தோடு நிறுத்தினால் ஏமாந்து போவார். "முப்பது வருஷத்துக்கு வில்லங்கம் போட்டுப் பாருங்க" என்று எழுத்தர் சொல்கிறாரே, அது காலம். சர்வே எண் ஒன்றாகத்தான் இருக்கும், ஆனால் தாத்தா காலத்தில் ஒரே புலமாக இருந்தது இன்று 1, 2, 2ஏ, 2பி என்று உட்பிரிவாகிக் கிடக்கும். எந்தத் தேதியில் என்று சொல்லாமல் "இது யார் நிலம்?" என்று கேட்டால் அதற்குப் பதிலே கிடையாது.

கல்யாண வீட்டில் புரோகிதர் சங்கல்பம் சொல்வதைக் கவனித்திருக்கிறீர்களா? எந்தக் கல்பம், எந்த மன்வந்தரம், கலியுகத்தில் எந்தப் பாதம் என்று காலத்தைச் சொல்வார். எந்தத் தீவு, எந்த வருஷம், எந்தக் கண்டம், மேருவுக்கு எந்தப் பக்கம் என்று இடத்தைச் சொல்வார். அப்புறம் ஆண்டின் பெயர், அயனம், ருது, மாதம், பட்சம், திதி, கிழமை, நட்சத்திரம் வரை இறங்கி வருவார். அண்டத்தில் தொடங்கி மணமேடையில் முடிகிற ஒரு முழு முகவரி அது. தொல்காப்பியர் இன்னும் சுருக்கமாகச் செய்தார். நிலத்தை ஒரு பக்கம், பொழுதை ஒரு பக்கம் என்று பிரிக்காமல், இரண்டையும் சேர்த்து முதற்பொருள் என்று வைத்தார். தமிழாசிரியர் நமக்கு இதைச் சொல்லிக்கொடுத்தபோது பரீட்சைக்கு மனப்பாடம் செய்தோம். அர்த்தம் எனக்குப் புரிய நாற்பது வருஷம் ஆயிற்று.

காலத்தை விட்டுவிட்டு இடத்தை மட்டும் வரைந்தால் என்ன ஆகும் என்பதற்கு நம் கொற்கையே சாட்சி. கி.பி. 2ஆம் நூற்றாண்டில் தாலமி என்ற கிரேக்க அறிஞர் உலகத்து ஊர்களுக்கெல்லாம் அட்சரேகை, தீர்க்கரேகை போட்டுப் பட்டியல் எழுதினார். 'கொல்கோய்' என்று நம் கொற்கையும் அதில் உண்டு. அவர் கணக்கில் இந்தியாவின் தென்முனை நசுங்கிப் போயிற்று, இலங்கை பல மடங்கு பெரிதாகிவிட்டது. ஆனாலும் துறைமுகம் கடலோரத்தில் இருந்தது. இன்று மிகத் துல்லியமான கருவியோடு கொற்கைக்குப் போய் நில்லுங்கள். இடம் ஒரு அடி பிசகாது, ஆனால் கடலைக் காணோம்! தாமிரபரணி கொண்டுவந்து கொட்டிய வண்டலில் கரை பல கிலோமீட்டர் கிழக்கே நகர்ந்துவிட்டது. துறைமுகம் கொற்கையிலிருந்து பழைய காயலுக்குப் போய், அங்கிருந்து தூத்துக்குடிக்குப் போனது. நசுங்கிய தாலமி படத்தில் கொற்கைக்குக் கடல் உண்டு, நம் துல்லியமான படத்தில் இல்லை. எது சரி என்று கேட்டால், அந்தந்தக் காலத்துக்கு அதது சரி.

இனி ஆதிச்சநல்லூருக்கு வருகிறேன். நாங்கள் சைக்கிளில் போனதற்குச் சரியாக நூறு வருஷத்துக்கு முன்னால், 1876இல், பெர்லினிலிருந்து யாகோர் என்பவர் அங்கே வந்து தோண்டினார். எடுத்ததைப் பெர்லினுக்குக் கொண்டு போனார். பிறகு அலெக்சாண்டர் ரீ என்ற தொல்லியல் அதிகாரி 1899 தொடங்கி 1905 வரை தோண்டினார். 114 ஏக்கர் பரப்பு என்று எழுதியவர் அவர்தான். எங்கள் சங்கிலிக் கணக்கில் 1140 சதுரச் சங்கிலி. இரும்பு வாளும் ஈட்டியும், வெண்கலத்தில் எருமை, சேவல் உருவங்களும், நெற்றியில் கட்டும் தங்கப் பட்டங்களும் கிடைத்தன. 1915இல் அவருடைய பட்டியல் அச்சாகி வந்தது. பொருள்கள் சென்னை எழும்பூர் அருங்காட்சியகத்தில் இருக்கின்றன. ரீ தம் காலத்து முறைப்படி ஒழுங்காகவே வேலை செய்தார். ஆனால் எந்தத் தாழிக்கு எத்தனை அடியில் எந்தத் தாழி, எது மேலே எது கீழே என்று இன்று நாம் கேட்கும் கேள்விக்கெல்லாம் அந்தப் பட்டியல் பதில் சொல்லாது.

மார்ட்டிமர் வீலர் 1945இல் புதுச்சேரிக்குப் பக்கத்தில் அரிக்கமேட்டில் தோண்டினார். நிலத்தைச் சதுரக் கட்டங்களாகப் பிரித்து, கட்டத்துக்கும் கட்டத்துக்கும் நடுவே தோண்டாத மண்சுவர் ஒன்றை விட்டுவைப்பது அவருடைய முறை. சதுரங்கப் பலகை மாதிரி இருக்கும். இடத்தைக் கட்டத்தின் எண் சொல்லும். நிலையான புள்ளி ஒன்றிலிருந்து எத்தனை சென்டிமீட்டர் ஆழம் என்று அளந்துகொள்வார்கள். அந்த விட்டுவைத்த சுவரில் மண்ணின் அடுக்குகள் கோடு கோடாகத் தெரியும். கீழே இருப்பது முந்தியது, மேலே இருப்பது பிந்தியது. நீளம், அகலம், ஆழம் மூன்றையும் அளக்கிறோம் என்று நினைக்கிறோம். உண்மையில் அந்த மூன்றாவது அளவில்தான் காலம் இருக்கிறது. ஆதிச்சநல்லூரில் 2004இலும் 2005இலும் மத்தியத் தொல்லியல் துறையின் சத்தியமூர்த்தி தலைமையில் தோண்டியபோது 600 சதுர மீட்டர் பரப்புக்குள்ளேயே நூற்றுக்கும் மேற்பட்ட தாழிகள் வந்தன. ஒன்றன்மேல் ஒன்றாகக்கூட இருந்தன. ஒரே இடம், வேறு வேறு காலம்.

ஆழம் முன்பின் சொல்லும், வருஷம் சொல்லாது. அதற்குக் கரிமக் கணக்கு வேண்டும். உயிரோடு இருக்கும் வரை மரமும் நெல்லும் மனிதனும் காற்றிலிருந்து வரும் கதிரியக்கக் கரிமத்தை உடம்பில் சேர்த்துக்கொள்கிறோம். செத்தபின் சேர்வது நின்று, 5730 வருஷத்துக்குப் பாதி என்ற கணக்கில் குறைந்துகொண்டே போகிறது. மீதியை அளந்தால் காலம் தெரியும். அமெரிக்காவில் லிபி என்பவர் 1949இல் இந்த வழியை நிலைநாட்டி 1960இல் நோபல் பரிசு பெற்றார். இதில் ஒரு வேடிக்கை, இந்தக் கணக்கில் 'இன்று' என்பது 1950. அதாவது இங்கே உட்கார்ந்திருக்கும் நாமெல்லாம் 'இன்று' முடிந்தபிறகும் பொழுதைப் போக்கிக்கொண்டிருக்கிறோம்! சத்தியமூர்த்தி குழு எடுத்த மாதிரிகளின் காலம் கி.மு. 905, கி.மு. 696 என்று வந்ததாக 2019இல் உயர்நீதிமன்ற மதுரைக் கிளையில் தெரிவித்தார்கள். பக்கத்துச் சிவகளையில் தாழிக்குள் கிடைத்த நெல்லுக்குக் கி.மு. 1155 என்ற காலம் கிடைத்திருப்பதாக 2021இல் சட்டமன்றத்தில் அறிவித்தார்கள்.

இளைஞர்கள் கேட்கலாம், "ஐயா, இப்பத்தான் கைபேசியே இடத்தைச் சொல்லுதே?" என்று. அது எப்படிச் சொல்கிறது என்று பாருங்கள். வானத்தில் சுற்றும் துணைக்கோள்கள் "இப்போது மணி இவ்வளவு" என்று சொல்லிக்கொண்டே இருக்கின்றன. அந்தச் செய்தி வந்து சேர எடுத்துக்கொண்ட நேரத்தைக் கொண்டு தூரத்தைக் கணக்கிடுகிறது கைபேசி. ஒரு நொடியில் பத்து லட்சத்தில் ஒரு பங்கு பிசகினால் இடம் 300 மீட்டர் தள்ளிப் போகும். இடத்துக்கு மூன்று துணைக்கோள் போதும், கைபேசியின் கடிகாரத்தைச் சரிசெய்ய நான்காவது வேண்டும். ஐன்ஸ்டைன் சொன்னபடி மேலே உள்ள கடிகாரம் நாளுக்கு ஒரு நொடியில் பத்து லட்சத்தில் 38 பங்கு வேகமாக ஓடும் என்பதையும் திருத்தாவிட்டால், ஒரே நாளில் பத்து கிலோமீட்டருக்கு மேல் தவறு வரும். இடத்தைக் கேட்டால் நேரத்தை வைத்துத்தான் பதில் சொல்கிறது.

இன்னொன்று சொல்கிறேன், எல்லைக்கல்லை நம்பியே காலம் தள்ளிய எனக்கு இதைப் படித்தபோது தூக்கம் வரவில்லை. நாம் நிற்கும் நிலமே நகர்கிறது. இந்தியத் தட்டு வருஷத்துக்கு ஏறக்குறைய 5 சென்டிமீட்டர் வடகிழக்காகப் போய்க்கொண்டிருக்கிறது. இதே வேகத்தில் போனதாக வைத்துக்கொண்டால், கி.மு. 905இல் புதைத்த தாழி இன்று 145 மீட்டர் போலத் தள்ளி இருக்கிறது. தாழி அசையவில்லை, பறம்பு அசையவில்லை, ஊர் அசையவில்லை, எல்லாம் சேர்ந்து நகர்ந்துவிட்டன. ஆகவே அட்சரேகை, தீர்க்கரேகை எழுதினாலும் எந்த வருஷத்து அளவு என்று பக்கத்தில் எழுதவேண்டும் என்கிறார்கள்.

சரி, என் கதைக்கு வருகிறேன்.

என் பாதி ஓடு நாற்பது வருஷத்துக்கு மேல் எங்கள் வீட்டுக் கண்ணாடி அலமாரியில், மகள் வாங்கிய கோப்பைகளுக்கு நடுவே இருந்தது. வருகிறவர்களிடமெல்லாம் "மூவாயிரம் வருஷம்" என்று பெருமையாகச் சொல்லுவேன். 2021 கடைசியில் மத்தியத் தொல்லியல் துறை மறுபடியும் அங்கே தோண்டத் தொடங்கியபோது, மனச்சாட்சி உறுத்தி அதை எடுத்துக்கொண்டு போனேன். அங்கிருந்த இளைஞர் ஒருவர் மரியாதையாக உட்கார வைத்தார். ஓட்டைத் திருப்பிப் பார்த்தார். "சார், இது எந்த இடத்தில எடுத்தது?" என்றார்.

"இங்கதான்."

"இங்கன்னா? 114 ஏக்கர்ல எங்க?"

என்னால் சொல்ல முடியவில்லை. ஊருக்கெல்லாம் அரையடி வரப்புத் தகராறைத் தீர்த்து வைத்தவன், கையில் இருந்த பொருளுக்கு முகவரி சொல்லத் தெரியாமல் தலையைக் குனிந்துகொண்டு நின்றேன். அவர் என்னைத் திட்டவில்லை. "பரவாயில்லை சார், கொண்டு வந்தீங்களே" என்றார். அது திட்டியதைவிடச் சுட்டது.

அடுத்த வருஷம் என் அறைத்தோழன் காலமானான். துக்கம் கேட்கப் போயிருந்தபோது அவனுடைய மகள் ஒரு பிஸ்கட் டப்பாவைக் கொண்டுவந்து வைத்தாள். "பெரியப்பா, அப்பா இதை உங்ககிட்ட குடுக்கச் சொன்னாங்க." உள்ளே மற்றப் பாதி ஓடு. அதைச் சுற்றி மடித்த சைக்கிள் கடை ரசீது. பின்புறத்தில் பென்சிலில்: 22-8-76, ஞாயிறு, மணி நாலரை. மழை விட்ட மறுநாள், மேலாகக் கிடந்தது, தோண்டவில்லை. குளத்து மடையும் மைல்கல்லும் ஒரே வரிசை. கல்மண்டபமும் ஒற்றைப் பனையும் ஒரே வரிசை. ரோட்டோரத்திலிருந்து 62 எட்டு.

வீட்டுக்கு வந்து நான் அழுதேன் என்று சொல்ல வெட்கமில்லை. பிறகு என் தொழிலைச் செய்தேன். பழைய புலப்படத்தில் மடை இருந்தது, மண்டபம் இருந்தது, மைல்கல்லின் இடமும் பழைய அளவுகளிலிருந்து கிடைத்தது. முதல் கோட்டைப் போட்டுவிட்டேன். ஒற்றைப் பனை எப்போதோ விழுந்துவிட்டது, ஆகவே இரண்டாவது கோடு போடமுடியவில்லை. அதற்குப் பதிலாக அவன் எட்டுக் கணக்கு உதவியது. ரோடு அகலமானதைக் கழித்து, அவன் காலின் நீளத்தை நினைவில் கொண்டுவந்து கணக்குப் போட்டேன். பத்து மீட்டர் முன்பின்னாக இடம் வந்தது. ரசீதையும் ஓட்டையும் கணக்கையும் கொண்டுபோய் அதே இளைஞரிடம் கொடுத்தேன். இரண்டு பாதியையும் சேர்த்து வைத்தார், பொருந்தியது.

"மேற்பரப்பில கிடைச்சதால வயசு சொல்ல முடியாது சார். ஆனா எந்தப் பக்கம்னு பதிஞ்சுக்கலாம்" என்றார். அவ்வளவுதான் பயன். பெரிய கண்டுபிடிப்பு ஒன்றுமில்லை. ஆனால் என் பாதிக்கும் அவன் எழுத்தால்தான் முகவரி கிடைத்தது.

இப்போது ஒரு வேண்டுகோள். இந்த மண்டபத்தில் பெரும்பாலானோர் தாமிரபரணிக் கரைக்காரர்கள். எத்தனை வீட்டு அலமாரியில் இப்படி ஓடும் மணியும் இரும்புத் துண்டும் இருக்கும் என்று எனக்குத் தெரியும். பாதுகாக்கப்பட்ட இடத்திலிருந்து எதையும் எடுக்கக் கூடாது. எடுத்தது தவறு, நானே அதற்கு உதாரணம். இனி எடுக்காதீர்கள். கிணறு வெட்டும்போது, வீடு கட்டும்போது ஏதாவது தென்பட்டால் அசைக்காமல் வருவாய் அலுவலரிடம் சொல்லுங்கள். 1878ஆம் ஆண்டின் புதையல் சட்டமும் அதைத்தான் கேட்கிறது. ஏற்கெனவே எடுத்து வைத்திருப்பவர்கள், இன்று இரவே ஒரு தாளில் நினைவுக்கு வருவதையெல்லாம் எழுதுங்கள்: எந்த ஊர், எந்த வயல், யார் எடுத்தது, எந்த வருஷம், எவ்வளவு ஆழம். தெரியாததைத் தெரியாது என்று எழுதுங்கள். எழுதிப் பொருளோடு சேர்த்து ஒப்படையுங்கள். சொல்லத் தெரிந்தவர்கள் ஒவ்வொருவராகப் போய்க்கொண்டிருக்கிறார்கள். 2023 ஆகஸ்டில் ஆதிச்சநல்லூரில், தாழிகளை அவை கிடந்த இடத்திலேயே கண்ணாடித் தளத்தின் வழியாகப் பார்க்கும்படி திறந்து வைத்தார்கள். பிள்ளைகளை அழைத்துக்கொண்டு போய்ப் பாருங்கள். எழும்பூரில் பார்ப்பதற்கும் இதற்கும் உள்ள வித்தியாசம் அவர்களுக்கே புரியும்.

நம் சங்கத்துக்கும் ஒரு யோசனை சொல்கிறேன். மலரில் போடும் பழைய புகைப்படங்களுக்குக் கீழே பெயர் போடுகிறீர்கள். தயவுசெய்து இடமும் தேதியும் போடுங்கள். போன மலரில் எங்கள் அணிப் படம் ஒன்று வந்திருந்தது. இடமிருந்து வலமாகப் பதினோரு பெயர். என் தோளில் கைபோட்டு நிற்பவனுக்கு மட்டும் 'பெயர் தெரியவில்லை' என்று அச்சிட்டிருந்தது. அது அவன்தான். விடுதியின் பின்வாசல், வேப்பமரத்தடி, 1977 மார்ச் மாதம், கடைசிப் பரீட்சைக்கு முந்தின வாரம். செயலாளர் குறித்துக்கொள்ளட்டும். பெயரை அவருடைய காதில் சொல்லிவிட்டுத்தான் மேடையை விட்டு இறங்குவேன்.